மணல் கடத்தல் புகாரில் சிக்கிய வாகனம்: விடுவிக்கும் அதிகாரம் யாருக்கு? சட்டமும் தீர்ப்புகளும் சொல்வது என்ன?

புது டெல்லி: உரிய அனுமதியின்றி ஆற்று மணலை ஏற்றிச் சென்றதாகக் கூறி லாரிகள், டிப்பர்கள், டிராக்டர்கள் பிடிபடும் செய்தி நாட்டின் பல மாநிலங்களிலிருந்து அடிக்கடி வருகிறது. ஓட்டுநர் மீது வழக்கு, சில நாள்களில் ஜாமீன் என்பதோடு அந்தச் செய்தி முடிந்துவிடும். வாகனத்தின் சிக்கல் அதன் பிறகே தொடங்குகிறது. ஒருபுறம் கடன் தவணை ஏறிக்கொண்டிருக்கும். மறுபுறம் வாகனம் காவல் நிலைய வளாகத்தில் வெயிலிலும் மழையிலும் துருப்பிடித்துக்கொண்டிருக்கும். வழக்கு முடியும் வரை அது அங்கேயே கிடக்க வேண்டுமா? அதை விடுவிக்கும் அதிகாரம் யாருக்கு உண்டு? அபராதம் கட்டினால் போதுமா, நீதிமன்றத்துக்குச் செல்ல வேண்டுமா?

இந்தக் கேள்விகளுக்கு நாடு முழுவதற்கும் பொதுவான ஒற்றை விடை இல்லை. வாகனத்தைக் கைப்பற்றியவர் யார், எந்தச் சட்டத்தின் கீழ் கைப்பற்றினார், மணல் எந்த வகை நிலத்திலிருந்து எடுக்கப்பட்டது ஆகிய மூன்றையும் பொறுத்தே விடுவிப்பின் வழி அமைகிறது. இவற்றை அறியாமல் தவறான இடத்தில் மனுச் செய்வோர் பல மாதங்களை இழக்க நேரிடுகிறது.

கைப்பற்றுதல் வேறு, அரசுடைமையாக்கல் வேறு

செய்திகளில் 'பறிமுதல்' என்ற ஒரே சொல் இரண்டு வெவ்வேறு சட்ட நடவடிக்கைகளைக் குறிக்கப் பயன்படுகிறது. முதலாவது, கைப்பற்றுதல். குற்றத்துக்குப் பயன்பட்டதாகச் சந்தேகிக்கப்படும் பொருளை அதிகாரி தற்காலிகமாகத் தன் பொறுப்பில் எடுப்பது இது. பொருளின் உரிமை அப்போதும் உரிமையாளரிடமே இருக்கும். இரண்டாவது, அரசுடைமையாக்கல். இதில் உரிமையே அரசுக்கு மாறுகிறது. வாகனம் ஏலத்துக்குச் செல்லலாம்.

சாலையில் வாகனம் நிறுத்தப்படும்போது நடப்பது முதலாவது மட்டுமே. இரண்டாவது நடப்பதற்குச் சட்டம் வகுத்த தனி நடைமுறையும், அதிகாரம் பெற்ற அமைப்பின் உத்தரவும் தேவை. சட்டத்தின் அதிகாரமின்றி எவருடைய சொத்தையும் பறிக்கக் கூடாது என்று அரசமைப்புச் சட்டத்தின் 300ஏ பிரிவு கூறுகிறது. இவ்விரு நிலைகளுக்கும் இடைப்பட்ட காலத்தில் வாகனத்தை நிபந்தனையுடன் உரிமையாளரிடம் ஒப்படைப்பதே இடைக்கால விடுவிப்பு. வட இந்திய நீதிமன்றங்களில் இது 'சுபுர்தகி', 'சுபுர்தாரி' என்ற பெயர்களில் வழங்குகிறது.

பொருந்தும் சட்டங்கள் எவை?

மணல் தொடர்பான வழக்குகளின் அடிப்படை, கனிமங்கள் மற்றும் சுரங்கங்கள் (மேம்பாடு மற்றும் ஒழுங்குமுறை) சட்டம், 1957. கட்டுமானத்துக்குப் பயன்படும் சாதாரண மணல் இச்சட்டத்தின்படி சிறு கனிமம். சிறு கனிமங்களுக்குக் குத்தகை வழங்குவது தொடர்பான விதிகளை வகுக்கும் அதிகாரத்தை 15-ஆவது பிரிவும், சட்டவிரோதச் சுரங்கம், போக்குவரத்து, சேமிப்பு ஆகியவற்றைத் தடுக்கும் விதிகளை வகுக்கும் அதிகாரத்தை 23சி பிரிவும் மாநில அரசுகளுக்கு அளித்துள்ளன. ஒரே குற்றச்சாட்டுக்கு மாநிலத்துக்கு மாநிலம் நடைமுறை மாறுபடுவதற்குக் காரணம் இதுவே.

சட்டத்துக்கும் அதன் விதிகளுக்கும் மாறாகக் கனிமத்தை ஏற்றிச் செல்வதையும் சேமித்து வைப்பதையும் 4(1ஏ) பிரிவு தடை செய்கிறது. மீறுவோருக்கு 21(1) பிரிவின்படி 5 ஆண்டுகள் வரை சிறைத் தண்டனையும், சம்பந்தப்பட்ட நிலப்பரப்பில் ஹெக்டேருக்கு 5 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். இந்த அளவு 2015-ஆம் ஆண்டுத் திருத்தத்தில் உயர்த்தப்பட்டது.

வாகனத்தைப் பொறுத்தவரை இரண்டு உட்பிரிவுகள் முக்கியமானவை. சட்டப்படியான அதிகாரமின்றிக் கனிமத்தை எடுக்கவோ கொண்டுசெல்லவோ பயன்படுத்திய கருவி, வாகனம் ஆகியவற்றை இதற்கென அதிகாரம் அளிக்கப்பட்ட அலுவலர் கைப்பற்றலாம் என்கிறது 21(4). அவ்வாறு கைப்பற்றியதை அரசுடைமையாக்க, அந்தக் குற்றத்தை விசாரணைக்கு ஏற்கும் தகுதியுள்ள நீதிமன்றம் உத்தரவிட வேண்டும் என்கிறது 21(4ஏ). ஆகவே, இந்த மத்தியச் சட்டத்தின் கீழ் கைப்பற்றும் அதிகாரம் அலுவலருக்கு இருந்தாலும், வாகனத்தை நிரந்தரமாக எடுத்துக்கொள்ளும் முடிவு நீதிமன்றத்தின் கையில் உள்ளது.

இத்துடன் திருட்டு வழக்கும் சேர்வது உண்டு. ஆற்றுப்படுகை மணல் அரசின் சொத்து. அதை நேர்மையற்ற நோக்கத்துடன் எடுத்துச் செல்வது திருட்டாகும் என்றும், அதற்காகக் காவல்துறை தனியே வழக்குப் பதிவு செய்வதைக் கனிமச் சட்டம் தடுக்காது என்றும் டெல்லி தொடர்பான வழக்கில் 2014 செப்டம்பரில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. முன்பு இந்தியத் தண்டனைச் சட்டத்தின் 379-ஆவது பிரிவில் பதிவான இக்குற்றம், 2024 ஜூலை 1 முதல் பாரதிய நியாய சன்ஹிதாவின் 303(2) பிரிவின் கீழ் வருகிறது. அரசுச் சொத்தைத் திருடுவதற்கு 7 ஆண்டுகள் வரை சிறைத் தண்டனை விதிக்கும் 305-ஆவது பிரிவும் அதே சட்டத்தில் உள்ளது.

முதல் கேள்வி: கைப்பற்றியது யார்?

கனிமவளத் துறை அலுவலரோ வருவாய்த் துறை அலுவலரோ மாநில விதிகளின் கீழ் வாகனத்தைப் பிடித்திருந்தால், விடுவிப்பு பெரும்பாலும் அந்தத் துறையின் அலுவலகத்தில் தொடங்குகிறது. காவல்துறை முதல் தகவல் அறிக்கை பதிவு செய்து கைப்பற்றியிருந்தால், வழி குற்றவியல் நீதிமன்றத்துக்குச் செல்கிறது. வனத்துறை கைப்பற்றியிருந்தால் இவ்விரண்டும் பயன்படாமல் போகலாம். ஒரே வாகனத்தின் மீது இரண்டு துறைகளும் நடவடிக்கை எடுத்திருப்பதும் உண்டு. எனவே கைப்பற்றுதல் மகஜர், முதல் தகவல் அறிக்கை, துறையின் அறிவிக்கை ஆகியவற்றின் நகல்களைப் பெற்று, அவற்றில் குறிப்பிட்டுள்ள சட்டப் பிரிவுகளைப் பார்ப்பதே முதல் வேலை.

துறை வழி: இணக்கத் தொகை செலுத்துதல்

கனிமச் சட்டத்தின் 23ஏ பிரிவு, குற்றத்தை இணக்கமாகத் தீர்த்துக்கொள்ள இடமளிக்கிறது. வழக்குத் தொடர்வதற்கு முன்போ பின்போ, அதிகாரம் பெற்ற அலுவலர் நிர்ணயிக்கும் தொகையைச் செலுத்தினால் அந்தக் குற்றத்தின் மீது மேல் நடவடிக்கை இராது. அபராதம் மட்டுமே விதிக்கத்தக்க குற்றமெனில், அத்தொகை அதற்குரிய அதிகபட்ச அபராதத்தைத் தாண்டக் கூடாது. இதைத் தவிர, சட்டவிரோதமாக எடுக்கப்பட்ட கனிமத்தையோ, அதை ஏற்கெனவே விற்றிருந்தால் அதன் விலையையோ வசூலிக்க 21(5) பிரிவு மாநில அரசுக்கு அதிகாரம் தருகிறது.

தொகையைக் கட்டி வாகனத்தை எடுத்துவிட்டால் எல்லாம் முடிந்துவிட்டது என்று பலரும் நம்புகின்றனர். மத்தியப் பிரதேசத்திலிருந்து வந்த ஒரு மேல்முறையீட்டில் 2020 டிசம்பர் 3-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அந்த நம்பிக்கைக்கு எல்லை வகுத்தது. இணக்கத் தொகை செலுத்துவதால் கனிமச் சட்டத்தின் கீழான நடவடிக்கை மட்டுமே முடிவுக்கு வரும். திருட்டு உள்ளிட்ட பொதுக் குற்றங்களுக்கான வழக்கு தொடரலாம் என்று அத்தீர்ப்பு கூறுகிறது. எனவே தொகை செலுத்தும் முன், தனியே திருட்டு வழக்கு பதிவாகியுள்ளதா என்று அறிவது அவசியம். பதிவாகியிருந்தால், துறை ரசீதை மட்டும் காட்டிக் காவல் நிலையத்திலிருந்து வாகனத்தை எடுக்க இயலாது. நீதிமன்ற உத்தரவும் வேண்டும்.

நீதிமன்ற வழி: 2002 தீர்ப்பும் புதிய காலக்கெடுவும்

காவல்துறை கைப்பற்றும் வாகனங்கள் குறித்து இன்றும் வழிகாட்டியாக இருப்பது, குஜராத் வழக்கு ஒன்றில் 2002 அக்டோபர் 1-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் அளித்த தீர்ப்பு. கைப்பற்றிய வாகனங்களை நீண்ட காலம் காவல் நிலையங்களில் வைத்திருப்பதால் எவருக்கும் பயனில்லை என்று அத்தீர்ப்பு தெளிவுபடுத்தியது. வாகனத்தைப் படம் எடுத்து, விரிவான பஞ்சநாமா தயாரித்து, தேவைப்படும்போது திருப்பிக் கொண்டுவருவதற்கான பிணைப் பத்திரமும் உத்தரவாதமும் பெற்று, நடுவர் உடனடியாக உரிய உத்தரவு பிறப்பிக்க வேண்டும். உரிமை கோருவோர் எவரும் இல்லையெனில் ஏலம் விட உத்தரவிடலாம். வாகனம் நீதிமன்றத்தில் முன்னிலைப்படுத்தப்பட்ட 6 மாதங்களுக்குள் அந்த முடிவை எடுக்க வேண்டும்.

அத்தீர்ப்பு வெளிவந்தபோது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 451, 457 ஆகிய பிரிவுகள் நடைமுறையில் இருந்தன. இப்போது அவற்றின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 497, 503 ஆகிய பிரிவுகள் உள்ளன. பொருள் நீதிமன்றத்தில் முன்னிலைப்படுத்தப்பட்டிருந்தால் 497. காவல்துறை கைப்பற்றி நடுவருக்குத் தெரிவித்துள்ள நிலையில், பொருள் நீதிமன்றத்தில் முன்னிலைப்படுத்தப்படவில்லை எனில் 503.

புதிய சட்டம் ஒரு முக்கிய மாற்றத்தைச் செய்துள்ளது. பொருள் முன்னிலைப்படுத்தப்பட்ட 14 நாள்களுக்குள் அதன் விவரங்களை நீதிமன்றம் பட்டியலாகப் பதிவு செய்ய வேண்டும். படம் எடுக்க வேண்டும். தேவையெனில் காணொளியும் பதிவு செய்ய வேண்டும். அதன் பின் 30 நாள்களுக்குள் பொருளை ஒப்படைப்பதா, அகற்றுவதா, அழிப்பதா, அரசுடைமையாக்குவதா என்று உத்தரவிட வேண்டும். அந்தப் பட்டியலும் படங்களும் விசாரணையின்போது சான்றாக ஏற்கப்படும். 'வாகனம் கண்முன் இருந்தால்தான் வழக்கை நிரூபிக்க முடியும்' என்ற பழைய வாதத்தின் வலுவை இது குறைத்துள்ளது. விசாரணை, சாட்சி விசாரணை ஆகிய கட்டங்களில் மட்டுமின்றி, புலனாய்வு நடக்கும்போதே இந்த உத்தரவுகளைப் பிறப்பிக்கவும் புதிய பிரிவு வழிவகுக்கிறது.

காவல்துறைக்கும் இதில் கடமை உண்டு. கைப்பற்றிய விவரத்தைத் தாமதமின்றி நடுவருக்குத் தெரிவிக்க வேண்டும் என்கிறது 106-ஆவது பிரிவு. அவ்வாறு தெரிவிக்கப்படாத வாகனத்தைப் பற்றி நீதிமன்றத்தில் முதலில் எழுப்பப்படும் கேள்வி, அது எந்த அதிகாரத்தின் கீழ் வைக்கப்பட்டுள்ளது என்பதே.

நடுவரா, சிறப்பு நீதிமன்றமா?

கனிமக் குற்றங்களை விரைவாக விசாரிக்கச் சிறப்பு நீதிமன்றங்களை அமைக்க 2015-ஆம் ஆண்டுத் திருத்தம் வழிசெய்தது. இவை அமர்வு நீதிமன்றத்தின் தகுதி உடையவை. அரசுடைமையாக்கும் அதிகாரம் குற்றத்தை விசாரணைக்கு ஏற்கும் நீதிமன்றத்துக்கே உரியது என்பதால், சிறப்பு நீதிமன்றம் உள்ள மாவட்டங்களில் விடுவிப்பு மனுவை எங்கே தாக்கல் செய்வது என்ற குழப்பம் எழுகிறது. நடுவர் விசாரித்து அனுப்பிவைக்காமல் சிறப்பு நீதிமன்றம் நேரடியாக வழக்கை ஏற்க இயலாது என்று கர்நாடக வழக்கு ஒன்றில் 2021 நவம்பர் 29-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் கூறியுள்ளது. அந்தந்த மாநில உயர் நீதிமன்றம் இது குறித்துப் பிறப்பித்துள்ள உத்தரவே நடைமுறையில் விடையளிக்கிறது. மனுவுக்கு முன் அதைச் சரிபார்ப்பது காலத்தை மிச்சப்படுத்தும்.

இன்னொரு விதியும் கவனத்துக்குரியது. கனிமச் சட்டத்தின் 22-ஆவது பிரிவின்படி, அதிகாரம் பெற்ற அலுவலரின் எழுத்துபூர்வமான புகார் இல்லாமல் எந்த நீதிமன்றமும் அச்சட்டத்தின் கீழான குற்றத்தை விசாரணைக்கு ஏற்க முடியாது. வாகனம் கைப்பற்றப்பட்டு மாதங்கள் கடந்தும் அத்தகைய புகார் தாக்கலாகவில்லை எனில், அது விடுவிப்பு மனுவில் முக்கியக் காரணமாக முன்வைக்கப்படுகிறது.

மாநிலங்களின் மாறுபட்ட விதிகள்

இதற்குத் தெளிவான எடுத்துக்காட்டு குஜராத். அம்மாநிலத்தின் 2017-ஆம் ஆண்டு விதிகளின்படி, குற்றம் இணக்கமாகத் தீர்க்கப்படாத நிலையில், கைப்பற்றிய 45 நாள்களுக்குப் பின் துறை அலுவலர் அமர்வு நீதிமன்றத்தில் எழுத்துபூர்வமாகப் புகார் அளிக்க வேண்டும். அப்படிப் புகார் அளிக்கவில்லை எனில், வங்கி உத்தரவாதம் எதுவும் கோராமல் வாகனத்தை விடுவிக்க வேண்டும் என்று குஜராத் உயர் நீதிமன்றம் 2020-இல் தீர்ப்பளித்தது. அதன் பிறகு இதே காரணத்தைக் காட்டிப் பலர் அங்கு தங்கள் வாகனங்களை மீட்டுள்ளனர்.

மகாராஷ்டிராவில் நில வருவாய்ச் சட்டத்தின் 48-ஆவது பிரிவு இதற்குப் பயன்படுகிறது. அனுமதியின்றி எடுத்த கனிமத்துக்கு அதன் சந்தை மதிப்பைப் போல 5 மடங்கு வரை அபராதம் விதிக்கலாம். வாகனத்துக்குத் தனியே நிர்ணயிக்கப்பட்ட தொகையைச் செலுத்தி, இனி இத்தகைய செயலுக்கு அதைப் பயன்படுத்துவதில்லை என்று சொந்தப் பிணைப் பத்திரம் எழுதிக் கொடுத்தால், வருவாய்த் துறை அதிகாரியே விடுவிக்கலாம்.

கேரளாவில் ஆற்றங்கரைப் பாதுகாப்புக்கும் மணல் எடுப்பைக் கட்டுப்படுத்துவதற்கும் 2001 முதல் தனிச் சட்டமே உள்ளது. மத்தியப் பிரதேசம், பீகார், உத்தரப் பிரதேசம், ராஜஸ்தான் ஆகியவை தங்களுக்கெனத் தனி விதிகளை வகுத்துள்ளன. ஒரு மாநிலத்தில் நிறைவேறிய வழி அண்டை மாநிலத்தில் செல்லாமல் போவது இதனால்தான்.

வனப்பகுதி எனில் நிலைமை மாறும்

கனிமச் சட்டத்தில் இடைக்கால விடுவிப்புக்கு வெளிப்படையான தடை ஏதும் இல்லை. வனச் சட்டத்தில் அப்படியன்று. 1927-ஆம் ஆண்டு இந்திய வனச் சட்டத்தில் மத்தியப் பிரதேசம் செய்த திருத்தத்தின்படி, வாகனத்தை அரசுடைமையாக்கும் நடவடிக்கையைத் தொடங்கியதாக வன அதிகாரி நடுவருக்குத் தெரிவித்துவிட்டால், அவ்வாகனம் குறித்து உத்தரவிடும் அதிகாரம் நடுவருக்கு இல்லை. மணல் ஏற்றியதாகப் பிடிபட்ட டிராக்டர் தொடர்பான வழக்கில் 2019 மார்ச் 26-ஆம் தேதி உச்ச நீதிமன்றம் இதை உறுதி செய்தது.

அங்கும் உரிமையாளருக்குப் பாதுகாப்பு உண்டு. தம் அறிவோ உடந்தையோ இன்றி வாகனம் பயன்படுத்தப்பட்டது என்றும், அதைத் தடுக்கத் தேவையான முன்னெச்சரிக்கைகள் அனைத்தையும் எடுத்திருந்ததாகவும் நிரூபித்தால் அரசுடைமையாக்க முடியாது. உத்தரவுக்கு எதிராக வனத்துறை உயர் அதிகாரியிடம் மேல்முறையீடும், அதன்பின் அமர்வு நீதிமன்றத்தில் சீராய்வும் செய்யலாம்.

பசுமைத் தீர்ப்பாயம் நிர்ணயித்த தொகை

சிறு அபராதத்தைக் கட்டிவிட்டு மறுநாளே அதே வாகனம் ஆற்றுக்குத் திரும்புவதைத் தடுக்கும் நோக்கில், தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் தனியாக ஓர் இழப்பீட்டு அளவை வகுத்தது. முதலில் வாகனத்தின் காட்சியறை விலையில் பாதி என்றிருந்த அளவை, 2020-இல் பின்வருமாறு மாற்றியமைத்தது.

காட்சியறை விலை 25 லட்சம் ரூபாய்க்கு மேற்பட்டு, 5 ஆண்டுகளுக்குக் குறைவான வயதுடைய வாகனம் அல்லது இயந்திரத்துக்கு 4 லட்சம் ரூபாய்.

அதே விலைப் பிரிவில் 5 முதல் 10 ஆண்டுகள் வரை வயதுடையதற்கு 3 லட்சம் ரூபாய்.

இவ்விரு பிரிவுகளிலும் அடங்காத, சட்டப்படி இயக்கத்தக்க மற்றவற்றுக்கு 2 லட்சம் ரூபாய்.

ராஜஸ்தானில் அறிவியல் முறையிலான மணல் நிரம்பல் ஆய்வும் சுற்றுச்சூழல் அனுமதியும் இன்றி 82 பேர் மணல் எடுப்பதற்கு 2017 நவம்பரில் உச்ச நீதிமன்றம் தடை விதித்தது. அந்த வழக்கில் மத்திய அதிகாரமளிக்கப்பட்ட குழு, பிடிபடும் ஒவ்வொரு வாகனத்துக்கும் 10 லட்சம் ரூபாய் வசூலிக்கப் பரிந்துரைத்தது. 2021 நவம்பர் 11-ஆம் தேதித் தீர்ப்பில் அதை ஏற்காத உச்ச நீதிமன்றம், பசுமைத் தீர்ப்பாயத்தின் அளவுகோலையே பின்பற்றச் சொன்னது. சிறு டிராக்டர் உரிமையாளருக்கு 2 லட்சம் ரூபாயும் பெருஞ்சுமைதான். ஆனால் அத்தொகை ஆற்றுக்கு ஏற்பட்ட சேதத்துக்கான ஈடு என்றே கருதப்படுகிறது. துறை வசூலிக்கும் கனிம விலையும் உரிமத் தொகையும் வேறு.

மனுவுடன் வைக்க வேண்டியவை

விடுவிப்பு மனுவை வழக்கமாகப் பதிவுச் சான்றில் பெயர் உள்ள உரிமையாளரே தாக்கல் செய்கிறார். அவர் வழக்கில் குற்றஞ்சாட்டப்பட்டவராக இருக்க வேண்டியதில்லை. ஓட்டுநர் தானாகவே மணல் ஏற்றிச் சென்றிருந்தால் உரிமையாளர் அதை மனுவில் தெளிவாகக் கூற வேண்டும். தவணைக் கடனில் வாங்கிய வாகனத்தில், மோட்டார் வாகனச் சட்டத்தின் 2(30) பிரிவின்படி, அதைத் தம் பொறுப்பில் வைத்திருப்பவரே உரிமையாளர். ஆயினும் நிதி நிறுவனத்தின் கடன் விவரத்தை இணைப்பது நல்லது. தவணை தவறிய நிலையில் நிதி நிறுவனமும் வாகனத்தைக் கோரக்கூடும்.

பதிவுச் சான்று, காப்பீடு, தகுதிச் சான்று, பெர்மிட், புகைச் சான்று, உரிமையாளரின் அடையாளச் சான்று, கைப்பற்றுதல் மகஜர், முதல் தகவல் அறிக்கை ஆகியவற்றின் நகல்கள் தேவைப்படும். இவற்றினும் முக்கியமானது, மணலுக்கான நடைச்சீட்டு. உத்தரப் பிரதேசத்தில் எம்எம்-11 என்றும், ராஜஸ்தானில் ரவன்னா என்றும் வழங்கும் இச்சீட்டில் மணல் எடுத்த இடம், அளவு, வாகன எண், புறப்பட்ட நேரம், செல்லுபடியாகும் காலம் ஆகியவை இருக்கும். செல்லத்தக்க சீட்டு இருந்தால் குற்றச்சாட்டின் அடிப்படையே ஆட்டம் காணும். சீட்டின் நேரம் முடிந்திருந்தாலோ, குறிப்பிட்ட அளவைவிடக் கூடுதலாக ஏற்றியிருந்தாலோ, வேறு மாநிலத்துக்குள் நுழைய அம்மாநிலத்தின் சீட்டு இல்லாவிட்டாலோ சிக்கல் தொடரும். எடைமேடை ரசீதும் மணல் வாங்கிய ரசீதும் அப்போது உதவும்.

வேளாண் பயன்பாட்டுக்கெனப் பதிவு செய்த டிராக்டரில் வாடகைக்கு மணல் ஏற்றினால், மணலுக்கு உரிய சீட்டு இருந்தாலும் மோட்டார் வாகனச் சட்டத்தின் கீழ் தனி நடவடிக்கை வரலாம். அதிக பாரம் ஏற்றியதற்கு அச்சட்டத்தின் 194-ஆவது பிரிவில் 20,000 ரூபாயும், கூடுதலாக உள்ள ஒவ்வொரு டன்னுக்கும் 2,000 ரூபாயும் அபராதம் உண்டு. விடுவிப்பு உத்தரவு கிடைத்த பிறகும் இந்த நிலுவை காரணமாக வாகனம் வெளிவரத் தாமதம் ஆகலாம்.

விடுவிக்கப்பட்ட பிறகு

இடைக்கால விடுவிப்பு நிபந்தனைகளுடனேயே வருகிறது. வாகனத்தின் மதிப்புக்குரிய பிணைப் பத்திரமும் பிணையாளரும் தேவை. சில நீதிமன்றங்கள் ரொக்க வைப்பையோ வங்கி உத்தரவாதத்தையோ கோருகின்றன. வழக்கு முடியும் வரை வாகனத்தை விற்கவோ, நிறத்தையும் உருவத்தையும் மாற்றவோ கூடாது. அழைக்கும்போது முன்னிலைப்படுத்த வேண்டும். மீண்டும் அதே குற்றத்துக்குப் பயன்படுத்தக் கூடாது. மீறினால் பிணைத் தொகை பறிபோகும். தொகை தம் சக்திக்கு மீறியது எனில், அதைக் குறைக்கக் கோரி மேல் நீதிமன்றத்தை அணுகலாம்.

மனு நிராகரிக்கப்பட்டால் அமர்வு நீதிமன்றத்தில் சீராய்வு மனுவோ, உயர் நீதிமன்றத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528-ஆவது பிரிவின் கீழ் மனுவோ தாக்கல் செய்கின்றனர். துறையே வாகனத்தை வைத்துக்கொண்டு முடிவெடுக்காமல் இருந்தால், அரசமைப்புச் சட்டத்தின் 226-ஆவது பிரிவின் கீழ் ரிட் மனு தாக்கல் செய்யலாம்.

போதைப்பொருள் தொடர்பான அசாம் வழக்கு ஒன்றில் 2025 ஜனவரியில் உச்ச நீதிமன்றம் கூறியது இங்கும் எடுத்தாளத்தக்கது. உரிமையாளர் குற்றஞ்சாட்டப்படாத அவ்வழக்கில், சட்டத்தில் வெளிப்படையான தடை இல்லாதபோது வாகனத்தை இடைக்காலமாக விடுவிக்கலாம் என்று கூறி லாரியை விடுவித்தது. கடுமையான தண்டனைகள் உள்ள சட்டத்திலேயே இந்நிலை என்பதால், மணல் வழக்குகளிலும் இத்தீர்ப்பை மேற்கோள் காட்ட இயலும்.

நீதிமன்றங்கள் தயங்குவது ஏன்?

வாகன உரிமையாளரின் வாழ்வாதாரத்தை மட்டும் கருதினால் விடுவிப்பு எளிய முடிவு. ஆனால் நீதிமன்றத்தின் முன் மனுதாரராக வராத ஒரு தரப்பும் இதில் உண்டு, அது ஆறு. மணலை இழந்த படுகை தாழ்கிறது; கரைகள் சரிகின்றன; பாலங்களின் அடித்தளம் வெளிப்படுகிறது; கிணறுகளின் நீர்மட்டம் இறங்குகிறது. உலகில் ஆண்டுக்கு சுமார் 5,000 கோடி டன் மணலும் சரளையும் பயன்படுத்தப்படுவதாக ஐக்கிய நாடுகள் சுற்றுச்சூழல் திட்டத்தின் 2022-ஆம் ஆண்டு அறிக்கை கூறுகிறது. 5 ஹெக்டேருக்கும் குறைவான சிறு கனிமக் குத்தகைக்கும் சுற்றுச்சூழல் அனுமதி கட்டாயம் என்று 2012 பிப்ரவரியில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டதன் பின்னணி இதுவே.

தடுக்கச் செல்வோரின் உயிரும் இதில் அடங்கியுள்ளது. மத்தியப் பிரதேசத்தின் மொரேனா மாவட்டத்தில் 2012 மார்ச் 8-ஆம் தேதி, சட்டவிரோதமாக வெட்டிய கற்களை ஏற்றி வந்த டிராக்டரைத் தடுக்க முயன்ற ஐபிஎஸ் அதிகாரி நரேந்திர குமார் அதே டிராக்டர் ஏற்றிக் கொல்லப்பட்டார். இத்தகைய வழக்குகளில் வாகனம் வெறும் சான்றுப் பொருளாகப் பார்க்கப்படுவதில்லை. அது இல்லாமல் கடத்தலே நடவாது என்பதால், அதைப் பிடித்து வைப்பதே வலுவான தடுப்பு என்று அரசுத் தரப்பு வாதிடுகிறது.

இரு தரப்பு வாதத்திலும் நியாயம் இருப்பதால்தான், முதல்முறை பிடிபட்டவருக்கும் மீண்டும் மீண்டும் பிடிபடுபவருக்கும், ஓட்டுநரின் செயலை அறியாத உரிமையாளருக்கும் கடத்தலையே தொழிலாகக் கொண்டவருக்கும் நீதிமன்றங்கள் வேறுபாடு காண்கின்றன. கடத்தலில் ஈடுபட்ட வாகனம் தண்டனையாகப் பறிக்கப்படலாம். அது சட்டம் வகுத்த விசாரணையின் முடிவில் நிகழ வேண்டும். முடிவெடுக்காமலேயே வாகனத்தைத் துருப்பிடிக்க விடுவதால் உரிமையாளருக்கு இழப்பு. ஏல மதிப்பு குறைவதால் அரசுக்கும் இழப்பு. ஆற்றுக்கும் அதனால் பயன் ஏதும் இல்லை. புதிய சட்டம் வகுத்துள்ள 14 நாள், 30 நாள் காலக்கெடுக்கள் எந்த அளவுக்குக் கடைப்பிடிக்கப்படுகின்றன என்பதைப் பொறுத்தே, காவல் நிலைய வளாகங்களில் நிற்கும் வாகனங்களின் வரிசை குறையும்.

விடுவிப்பு உத்தரவு குற்றமற்றவர் என்ற தீர்ப்பு அன்று. வாகனம் வீடு திரும்பினாலும் வழக்கு நிற்கும். குற்றம் நிரூபணமானால் அதே வாகனம் அரசுடைமையாகும் வாய்ப்பும் நீடிக்கும்.